லாரிக்கு முன்னால்

1910 மார்ச் 10 அன்று விடிவதற்குள், லண்டனின் பாட்டர்சி பகுதியிலிருந்த லாட்ச்மியர் பூங்காவுக்குள் நகரசபைத் தொழிலாளர்கள் நான்கு பேர் நுழைந்தார்கள். குடிநீர்த் தொட்டியின் உச்சியில் உட்கார்ந்திருந்த ஒரு வெண்கல நாயைப் பெயர்த்தெடுத்துக் கொண்டுபோக வேண்டும், அவ்வளவுதான் வேலை. காவலுக்கு 120 போலீஸார் வந்திருந்தார்கள். ஆளுக்கு முப்பது போலீஸ் என்று கணக்கு. நாய் எழுந்து கடிக்கும் என்று யாரும் பயப்படவில்லை. ஊர் விழித்துக்கொண்டால் என்ன ஆகும் என்பதுதான் பயம்.

அந்தப் பயம் வீண்பயமல்ல. விலங்குகளுக்காகத் தெருவில் இறங்கியவர்களின் கதையைச் சொல்லும்போது எல்லோரும் வாதங்களைத்தான் சொல்வார்கள்: யார் சரி, யார் தப்பு, எந்தச் சட்டம் எப்போது மாறியது என்று. தெருவைப் பற்றிப் பேசுகிறவர்கள் குறைவு. தெரு எவ்வளவு அகலம், கூட்டத்தில் எத்தனை பேர், கையிலிருந்த தட்டியின் கம்பு எவ்வளவு கனம், எதிரே வந்த வண்டி எவ்வளவு வேகம்? யார் வீடு திரும்பினார்கள், யார் திரும்பவில்லை என்பதைப் பல இடங்களில் இந்தச் சில்லறை விவரங்கள்தான் முடிவு செய்திருக்கின்றன.

பாட்டர்சி நாயின் கதை 1903 பிப்ரவரியில் தொடங்குகிறது. லண்டன் யுனிவர்சிட்டி காலேஜில் வில்லியம் பேலிஸ் என்ற உடலியல் அறிஞர் மாணவர்கள் முன்னிலையில் ஒரு பழுப்பு நிற டெரியர் நாயை அறுத்துச் செய்முறை காட்டினார். மாணவர்களோடு மாணவர்களாக உட்கார்ந்திருந்த இரண்டு ஸ்வீடன் நாட்டுப் பெண்கள், லிசி லிண்ட் ஆஃப் ஹாகெபியும் லீசா ஷார்ட்டாவும், பார்த்ததையெல்லாம் குறித்துக்கொண்டார்கள். நாய்க்குச் சரியாக மயக்க மருந்து கொடுக்கவில்லை என்பது அவர்கள் குற்றச்சாட்டு. கொடுத்தோம் என்றார் பேலிஸ். உயிர்வதைச் சோதனை எதிர்ப்புச் சங்கத்தின் செயலாளர் ஸ்டீஃபன் கோலரிட்ஜ் இதைப் பொதுக்கூட்டத்தில் பேசப்போக, பேலிஸ் அவதூறு வழக்குப் போட்டு அந்த நவம்பரிலேயே ஜெயித்தார். நஷ்டஈடு 2,000 பவுண்டு.

கோர்ட்டில் தோற்றவர்கள் கல்லில் எழுதினார்கள். 1906 செப்டம்பர் 15 அன்று பாட்டர்சியில் சிலை திறக்கப்பட்டது. மேல் தொட்டியில் மனிதர்கள் தண்ணீர் குடிக்கலாம், கீழ்த்தொட்டியில் நாயும் குதிரையும் குடிக்கலாம். திறப்பு விழாவில் பெர்னார்ட் ஷா பேசினார். அந்த நாய் யுனிவர்சிட்டி காலேஜின் சோதனைக்கூடத்தில் செத்தது என்று பெயர் சொல்லியே பொறித்திருந்தார்கள். 1902-ல் மட்டும் அதே இடத்தில் 232 நாய்கள் அறுக்கப்பட்டன என்ற வரியும் இருந்தது. பாட்டர்சி தொழிலாளர் பேட்டை. விலங்குச் சோதனை செய்கிற டாக்டர்களை உள்ளே விடாத ஆஸ்பத்திரி ஒன்றையே வைத்திருந்த ஊர்.

மருத்துவ மாணவர்களுக்கு இந்த வாசகம் பொறுக்கவில்லை. 1907 நவம்பர் 20 அன்று ஒரு கூட்டம் கடப்பாரையும் சம்மட்டியுமாகத் தேம்ஸ் நதியைத் தாண்டி வந்தது. பத்துப் பேர் பிடிபட்டார்கள். பிடித்தவர்கள் இரண்டே இரண்டு போலீஸ்காரர்கள்! மறுநாள் மாஜிஸ்திரேட் தலைக்கு ஐந்து பவுண்டு அபராதம் போட்டு, மறுபடி வந்தால் ஜெயில் என்று எச்சரித்தார். மாணவர்கள் அந்த மாஜிஸ்திரேட்டுக்கே கொடும்பாவி கட்டினார்கள். கொளுத்திப் பார்த்தார்கள், தீப்பிடிக்கவில்லை. தூக்கித் தேம்ஸில் போட்டுவிட்டுப் போனார்கள்.

டிசம்பர் 10 அன்று நடந்தது பெரிய ரகளை. சுமார் நூறு மாணவர்கள் பாட்டர்சிக்குள் நுழைந்து சிலையைச் சாய்க்கப் பார்த்தார்கள். பேட்டைத் தொழிலாளர்கள் திரண்டு துரத்தினார்கள். ஒரு மாணவர் டிராம் வண்டியின் மேல்தட்டிலிருந்து கீழே விழுந்தார். நாய் பழிவாங்கிவிட்டது என்று கத்திய கூட்டம், அவரை உள்ளூர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக மறுத்தது. உயிர்வதைச் சோதனை எதிர்ப்பு ஆஸ்பத்திரி அல்லவா, அங்கே கொண்டுபோகாமல் விட்டது ஒருவேளை கருணையாகக்கூட இருக்கலாம் என்று பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல் பிறகு நக்கலடித்தது.

இன்னொரு கூட்டம் பழுப்பு நாயின் பொம்மைகளைக் குச்சிகளில் குத்தித் தூக்கிக்கொண்டு டிரஃபால்கர் சதுக்கத்துக்குப் போனது. அங்கே குதிரைப் போலீஸும் சேர்ந்து காத்திருந்தது. நெல்சன் தூணின் மேடையில் ஏறிச் சிலர் பேச, போலீஸ் குதிரைகள் கூட்டத்துக்குள் புகுந்து சிதறடிக்க, மணிக்கணக்கில் கைகலப்பு. நாயைப் போல் குரைத்ததற்காக ஒரு கேம்பிரிட்ஜ் மாணவரைக் கைது செய்தார்கள் என்பதும் இந்தச் சரித்திரத்தில் ஒரு வரி.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. விலங்குப் போராட்ட வரலாற்றில் கம்பும் கொடும்பாவியுமாக முதலில் பேர்வாங்கிய கூட்டம் விலங்குகளுக்காக வந்த கூட்டமல்ல, எதிர்த்தரப்பு. அவர்கள் பெண்கள் வாக்குரிமைக் கூட்டங்களுக்குள்ளும் புகுந்து நாற்காலிகளை உடைத்தார்கள். பெண்கள் பேசினாலே அது நாய்க்கு ஆதரவுதான் என்று ஒரு நினைப்பு. ஆக்டனில் லிண்ட் ஆஃப் ஹாகெபி பேசிய கூட்டத்தில் நாற்காலிகளோடு நாற்றக்குண்டுகளும் பறந்தன.

சிலையைக் காக்கப் போலீஸ் இரவும் பகலும் நின்றது. ஆண்டுச் செலவு 700 பவுண்டு. ஒரு நாய்ச் சிலைக்கு இவ்வளவா என்று நாடாளுமன்றம் வரை கேள்வி போனது. 1909 நவம்பர் தேர்தலில் பாட்டர்சி நகரசபை கைமாறியதும் புதிய சபை சிலையே வேண்டாம் என்று முடிவெடுத்தது. அகற்றக் கூடாது என்று 20,000 பேர் கையெழுத்துப் போட்ட மனு இருந்தும் பயனில்லை. அப்படித்தான் அந்த மார்ச் விடியலில் நான்கு தொழிலாளர்கள் வந்தார்கள். பத்து நாள் கழித்து டிரஃபால்கர் சதுக்கத்தில் 3,000 பேர் கூடிச் சிலையைத் திருப்பிக் கேட்டார்கள். சிலை அப்போது நகரசபையின் சைக்கிள் கொட்டகையில் கிடந்தது. பிறகு ஒரு கொல்லர் அதை உருக்கிவிட்டார்.

பாட்டர்சியிலிருந்து நியூயார்க்குக்கு வர ஏறக்குறைய எழுபது வருஷம் தாண்ட வேண்டும். கூட்டத்தைக் கையாள்வதில் ஒரு புது ஆள் அங்கே வந்து சேர்ந்தார். ஹென்றி ஸ்பைரா, பெல்ஜியத்தில் பிறந்தவர், வணிகக் கப்பல்களில் மாலுமியாக வேலை பார்த்தவர், தொழிற்சங்கத்துக்குள்ளேயே ஊழலை எதிர்த்துச் சண்டை போட்டவர். மறியலை அவர் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை, துறைமுகத்தில் கற்றவர். 1976-ல் அமெரிக்க இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் பூனைகள் மேல் நடந்த சோதனையை எதிர்த்து வாசலில் மறியல் தொடங்கினார். ஒரு நாள் ஆவேசமாகக் கூடிக் கலைவது அல்ல, வாராவாரம், ஒரு வருஷத்துக்கும் மேலாக. உள்ளே போகிறவர்களை அவர் ஆட்கள் வழிமறிக்கவில்லை. அப்போது அருங்காட்சியகத்தில் கட்டணம் இவ்வளவு என்று கட்டாயம் இருக்கவில்லை, ஏதாவது கொடுத்தால் போதுமாக இருந்தது. அதனால் வருகிறவர் கையில் ஒரு சென்ட் காசைக் கொடுத்து, கண்டிப்பாகப் போகத்தான் வேண்டுமென்றால் இதைக் கட்டிவிட்டுப் போங்கள் என்றார்கள். தள்ளுமுள்ளு இல்லை, அருங்காட்சியகத்தின் கல்லாவில் மட்டும் ஓட்டை. 1977-ல் சோதனை நின்றது.

1980 மே மாதம் ரெவ்லான் நிறுவனத்தின் நியூயார்க் அலுவலகத்துக்கு முன்னால் அவர் கூட்டிய கூட்டத்தில் சிலர் முயல் வேஷம் போட்டு வந்தார்கள். அழகுச் சாதனங்களை முயல்களின் கண்ணில் விட்டுச் சோதிப்பதை எதிர்த்த போராட்டம் அது. முயல் வேஷக்காரரைப் போலீஸ் தடியால் அடிக்கிற புகைப்படத்தை எந்தக் கம்பெனியும் காலைப் பேப்பரில் பார்க்க விரும்பாது. ஸ்பைரா இதைக் கணக்குப் போட்டுத்தான் செய்திருப்பார். அந்த வருஷக் கடைசியில் ரெவ்லான், மாற்றுச் சோதனை முறைகளைத் தேட ராக்ஃபெல்லர் பல்கலைக்கழகத்துக்கு 7,50,000 டாலர் தருவதாக அறிவித்தது.

இதே காலத்தில் பிரிட்டனில் வேறொரு பழக்கம் வளர்ந்துகொண்டிருந்தது. 1963-ல் டெவன் மாவட்டத்தின் பிரிக்ஸ்ஹாம் ஊரில் வேட்டை முறியடிப்போர் சங்கம் பிறந்தது. நரி வேட்டை நடக்கும் வயல்வெளிக்கே போய் நாய்களின் மோப்பத்தைக் குழப்புவது அவர்கள் வழி. அவர்கள் நின்ற இடம் அருங்காட்சியக வாசலைப் போன்றதல்ல. போலீஸ் வளையம் இல்லை, நடைபாதை இல்லை. வேலி, சேறு, குறுகிய கிராமச் சந்து, அவசரத்தில் கிளம்புகிற வண்டி. 1991-ல் 18 வயது இளைஞர் ஒருவரும், 1993-ல் 15 வயதுச் சிறுவன் ஒருவனும் வேட்டைக்குழு வண்டிகளின் சக்கரத்தில் இறந்தார்கள். வண்டிக்கும் காலில் நிற்கிற ஆளுக்கும் நடுவே நடப்பது சண்டையே அல்ல என்று அப்போதே தெரிந்திருக்க வேண்டும்.

1995 குளிர்காலத்தில் மொத்த நாடும் அதைத் தெரிந்துகொண்டது.

பின்னணியைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். கன்றுக்குட்டிகளைத் திரும்பக்கூட இடமில்லாத மரப்பெட்டிகளில் அடைத்து வளர்ப்பதை பிரிட்டன் 1990-ல் தடை செய்தது. ஐரோப்பாவின் மற்ற நாடுகள் பலவற்றில் அப்போது தடை இருக்கவில்லை. எனவே பிரிட்டிஷ் கன்றுகளும் ஆடுகளும் உயிரோடு கப்பலேறின. 1994-ல் மக்களின் எதிர்ப்பு முற்றியதும் பெரிய ஃபெரி கம்பெனிகள் இந்தச் சரக்கு வேண்டாம் என்று ஒதுங்கின. வியாபாரிகள் சின்னத் துறைமுகங்களையும் சின்ன விமான நிலையங்களையும் தேடினார்கள்: தெற்குக் கரையில் ஷோரம், எசெக்ஸில் பிரைட்லிங்சி, நாட்டின் நடுப்பகுதியில் கோவெண்ட்ரி விமான நிலையம். பெரிய துறைமுகத்துக்கு லாரிக்கென்றே அகலச் சாலையும் மதிலும் இருக்கும். சின்ன ஊரில் லாரி வீட்டு வாசல்களை உரசிக்கொண்டுதான் போக வேண்டும். ஆட்டுக்குட்டியின் மூக்கு லாரிப் பக்கவாட்டின் இடுக்கில் தெரியும், கத்துவது கேட்கும். எந்தத் துண்டுப் பிரசுரமும் செய்ய முடியாத வேலையை அந்தக் குறுகிய தெரு செய்துவிட்டது.

ஷோரமில் ஜனவரி 2 அன்று திரண்ட கூட்டத்தைப் போலீஸ் எதிர்பார்க்கவில்லை. லாரிகள் திரும்பிப் போயின. அடுத்தடுத்த நாள்களில் வெளி மாவட்டங்களிலிருந்தும் ஆள் வரவழைத்து ஆயிரத்துக்கும் மேற்பட்ட போலீஸாரை நிறுத்தினார்கள். பணம் தண்ணீராய்ப் போயிற்று. ஏப்ரலில் சஸெக்ஸ் போலீஸ் தலைவர் ஏற்றுமதிக் கம்பெனிக்கு எழுதிவிட்டார்: இனி வாரத்தில் இரண்டு நாள், அல்லது இரு வாரத்தில் நான்கு நாள்தான் பாதுகாப்பு தர முடியும், மற்ற வேலைகளும் இருக்கின்றன. கம்பெனி வழக்குப் போட்டது. பிரபுக்கள் சபை வரை போன வழக்கில், 1998-ல் போலீஸ் தலைவர் பக்கமே தீர்ப்பானது. பாட்டர்சி நாயின் 700 பவுண்டுக் கேள்விதான் இது. கூட்டத்துக்கும் எதிர்த்தரப்புக்கும் நடுவே நிற்கிற போலீஸுக்கும் ஒரு பட்ஜெட் உண்டு என்பதைப் போராட்டக்காரர்கள் சீக்கிரம் கற்றுக்கொண்டார்கள்.

கோவெண்ட்ரி வேறு மாதிரி. 1994 டிசம்பர் 21 அன்று, கன்றுகளை ஆம்ஸ்டர்டாமுக்கு ஏற்றிச் சென்றுவந்த விமானம் ஒன்று மூடுபனியில் விமான நிலையத்துக்குப் பக்கத்தில் விழுந்து நொறுங்கி, உள்ளே இருந்த ஐந்து பேரும் இறந்தார்கள். அப்படியும் ஏற்றுமதி தொடர்ந்தது. வாசலில் கூடியவர்கள் ஷோரமைப் போல் ஆயிரக்கணக்கில் இல்லை. 1995 பிப்ரவரி 1 அன்று அங்கிருந்த போராட்டக்காரர்கள் முப்பத்துச் சொச்சம் பேர், போலீஸார் ஏறத்தாழ நூறு பேர். ஒரு ஆளுக்கு மூன்று போலீஸ் என்றால் விபத்துக்கு வழியே இல்லை என்றுதான் தோன்றும்.

சுமார் பத்துப் பேர் போலீஸ் வரிசையைத் தாண்டி ஓடி லாரியை மறிக்கப் போனார்கள். லாரி நிற்கவில்லை. 31 வயது ஜில் ஃபிப்ஸ் சக்கரத்தில் சிக்கினார். வழியில் குறுக்கே ஓடிய இன்னொருவரைப் போலீஸ்காரர் அப்புறப்படுத்திக்கொண்டிருந்ததில் ஓட்டுநரின் கவனம் சிதறியிருக்கலாம் என்று மரண விசாரணையில் பேசப்பட்டது. ஓட்டுநர் மேல் வழக்குத் தொடரப் போதிய ஆதாரம் இல்லை என்று அரசு வழக்குத் துறை சொன்னது. எப்பாடுபட்டாவது லாரிகளை நிற்காமல் அனுப்ப வேண்டும் என்ற போலீஸின் பிடிவாதம்தான் காரணம் என்றது குடும்பம். பிப்ரவரி 14 அன்று கோவெண்ட்ரி தேவாலயத்தில் நடந்த இறுதிச் சடங்குக்கு பிரான்சிலிருந்து நடிகை பிரிஜித் பார்தோவும் வந்திருந்தார்.

யார் மேல் பழி என்பதைத் தள்ளிவைத்துவிட்டு லாரியைப் பார்ப்போம். அந்நாளில் பிரிட்டிஷ் சாலையில் ஒரு லாரி சரக்கோடு சேர்த்து 38 டன் வரை எடை போகலாம். ஓட்டுநர் உயரத்தில் உட்கார்ந்திருப்பார். கண்ணாடிக்கு நேர் கீழே, பம்பரை ஒட்டி நிற்கிற ஆளை அவரால் பார்க்க முடியாது. அந்த மறைவிடத்தைக் காட்டும் முன்பக்கக் கண்ணாடி ஐரோப்பாவில் புதிய லாரிகளுக்குக் கட்டாயமானது 2000-களின் நடுவில்தான். கூட்டத்திலிருப்பவர் ஓட்டுநரின் முகத்தைப் பார்க்கிறார், அவரும் நம்மைப் பார்க்கிறார் என்று நம்புகிறார். அந்த நம்பிக்கையில்தான் ஆபத்து. போதாக்குறைக்கு, காலடியில் ஒரு கூச்சல், பக்கத்தில் ஒரு கூச்சல், கதவில் தட்டியின் கம்பு தட்டுகிற சத்தம். எந்தச் சத்தம் நிற்கச் சொல்கிறது என்று உள்ளே இருப்பவருக்கு எப்படித் தெரியும்?

பிரைட்லிங்சியின் கதை நீளமானது, ஆனால் அங்கே சக்கரத்தில் யாரும் சாகவில்லை. கோல்ன் ஆற்று முகத்துவாரத்தில் எண்ணாயிரம் பேர் வாழ்ந்த சின்ன ஊர். ஊருக்குள் வர ஒரே சாலை. துறைக்குப் போக வீடுகளுக்கு நடுவே நெரிந்த தெரு. ஜனவரி 16 அன்று முதல் லாரிகள் வந்தபோது சுமார் 1,500 பேர் தெருவை அடைத்து நின்றார்கள். லாரிகள் திரும்பின. இரண்டு நாள் கழித்துப் போலீஸ் கலவரக் கவசத்தோடு வந்தது. எதிரில் நின்றவர்கள் யார் என்று பார்த்தால், தள்ளுவண்டியில் குழந்தையோடு தாய்மார்கள், ஓய்வுபெற்ற ஆசிரியர்கள், அதுவரை ஒரு போராட்டத்துக்கும் போகாத பாட்டிமார்கள். தொலைக்காட்சியில் இந்தக் காட்சி ஓடிய பிறகு கவசமும் தடியும் பின்வாங்கின.

அதற்குப் பிறகு இரு தரப்புக்கும் நடுவே, யாரும் எழுதி வைக்காத ஒரு முறை உருவானது. கடல் ஏற்றத்தைப் பொறுத்துத்தான் கப்பல் கிளம்ப முடியும். அதனால் லாரி வரும் நேரமும் நாளுக்கு நாள் மாறும். நேரம் தெரிந்ததும் ஊர் கூடும். சிலர் தெருவில் உட்கார்வார்கள். போலீஸார் இரு ஓரமும் வரிசை கட்டி, உட்கார்ந்தவர்களை ஒவ்வொருவராகக் குண்டுக்கட்டாகத் தூக்கி நடைபாதையில் வைப்பார்கள். பிறகு லாரிகள் நடைவேகத்தில் ஊர்ந்து போகும். தூக்கப்பட்டவர்களில் துணிந்தவர்கள் அடுத்த முனைக்கு ஓடி மறுபடி உட்கார்வார்கள். பார்ப்பதற்குச் சடங்குபோல இருக்கும். நடைவேகம் என்ற அந்த ஒரு விஷயத்தில்தான் கோவெண்ட்ரிக்கும் பிரைட்லிங்சிக்கும் வித்தியாசம் என்று சொன்னால் மிகையாகாது.

சட்டம் இதைச் சடங்காகப் பார்க்கவில்லை. 1986-ஆம் ஆண்டு பொது ஒழுங்குச் சட்டம் ஊர்வலத்துக்கு ஆறு நாள் முன்பே எழுத்தில் அறிவிக்கச் சொன்னது. 20 பேரோ அதற்கு மேலோ ஒரு இடத்தில் கூடினால் இடம், நேரம், எண்ணிக்கை ஆகியவற்றுக்குப் போலீஸ் நிபந்தனை போடலாம் என்றது. (2003-ல் அந்த 20 என்பது 2 ஆனது. இரண்டு பேர் நின்றாலே கூட்டம்!) ஏப்ரலில் எசெக்ஸ் போலீஸின் உயரதிகாரி ஒருவர், இப்படியே போனால் இந்தச் சட்டத்தைப் பிரயோகிப்போம் என்று ஊர்மக்களுக்குக் கடிதம் அனுப்பினார். அமைதியாக வாழ்ந்த ஊரில் வீட்டுக் கதவின் வழியே அப்படியொரு கடிதம் விழுந்ததில் இதுவரை வராதவர்களும் தெருவுக்கு வந்தார்கள். அறிவிப்புக் கொடுக்க ஒரு அமைப்பாளர் வேண்டும். காய்கறி வாங்கிக்கொண்டு திரும்பும் வழியில் தெருவில் உட்கார்ந்துவிடுகிறவருக்கு யார் அமைப்பாளர்?

அக்டோபர் 30 அன்று ஏற்றுமதிக்காரர்கள் பிரைட்லிங்சியைக் கைவிட்டார்கள். பத்து மாதத்தில் 598 பேர் கைதாகியிருந்தார்கள், அவர்களில் 421 பேர் உள்ளூர்க்காரர்கள். கால் மில்லியன் விலங்குகள் அந்தத் தெரு வழியாகப் போயிருந்தன என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். மறியல் லாரிகளைத் தாமதப்படுத்தியதே தவிர, பெரும்பாலும் நிறுத்தவில்லை. நிறுத்தாததால்தான் உயிர்ச்சேதம் இல்லாமல் போயிற்றோ என்ற சங்கடமான கேள்வி இங்கே எழும். ஜில் ஃபிப்ஸின் தோழர்கள் இதைக் கேட்டால் கோபப்படுவார்கள், அந்தக் கோபம் நியாயமானதுதான்.

தட்டிகளின் கதையும் இதற்குள்ளேயே ஓடுகிறது. தட்டி என்பது சொற்கள் மட்டுமல்ல, கட்டையும் ஆணியும் பலகையும். காற்றடிக்கிற நாளில் பெரிய பலகையைத் தூக்கிப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அது பாய்மரம்போல ஆளை இழுக்கும். நெருக்கத்தில் முன்னால் நிற்பவரின் கண் மட்டத்துக்கு அதன் மூலை வந்து நிற்கும். பிரிட்டனில் 1953-ஆம் ஆண்டுச் சட்டப்படி, காயப்படுத்தும் எண்ணத்தோடு எடுத்துவந்த எந்தப் பொருளும் ஆயுதம்தான். தட்டியின் கம்பு எப்போது கம்பு, எப்போது ஆயுதம் என்பது பிடித்திருக்கிற கையைப் பொறுத்தது.

அமெரிக்கர்கள் இதை அங்குலக் கணக்கிலேயே எழுதிவைத்தார்கள். 1983-ல் வெள்ளை மாளிகைக்கு முன்னாலுள்ள நடைபாதைக்கு விதி வந்தது: தட்டி அட்டையாலோ துணியாலோ மட்டும் இருக்கலாம், மூன்று அடி அகலம், இருபது அடி நீளம், கால் அங்குல கனம், அதற்கு மேல் கூடாது. மெல்லிய மரக்கம்பைத் தவிர வேறு தாங்கி எதுவும் கூடாது. பெண்கள் சம உரிமைக்காக அங்கே காவலிருந்தவர்கள் வழக்குப் போட்டும் 1984-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் விதியைப் பெரும்பாலும் ஏற்றுக்கொண்டது. பேச்சுரிமைக்காரர்களுக்கு எரிச்சல்தான். ஆனால் கம்பையே விட்டுவிட்டால் ஒரு லாபமும் உண்டு. தட்டியை நெஞ்சோடு பிடித்தால் இரண்டு கையும் எதிராளி கண்ணுக்குத் தெரியும். போலீஸ்காரர் முதலில் பார்ப்பது கையைத்தான், வாசகத்தையல்ல.

இந்தப் பாடத்தை மெல்போர்னில் 2016-ல் தொடங்கிய ஒரு குழு ஒரு வடிவமாகவே ஆக்கிவிட்டது. முகமூடி போட்டவர்கள் நான்கு பக்கமும் வெளியே பார்த்தபடி சதுரமாக நிற்பார்கள். கையில் பண்ணைகளில் எடுத்த படம் ஓடும் திரை. கோஷம் கிடையாது, அசைவு கிடையாது. சற்றுத் தள்ளி நிற்கும் வேறு சிலர்தான் வழிப்போக்கர்களோடு பேசுவார்கள். கூட்டம் என்றாலே அலை என்று இருந்ததை இவர்கள் தூணாக்கினார்கள். தூணை யாரும் தள்ளிவிட்டுப் போகலாம், ஆனால் தூண் யார் மேலும் விழாது.

ஆக்ஸ்ஃபோர்டில் 2006 பிப்ரவரி 25 அன்று நடந்ததைப் பார்த்தால் பாட்டர்சிதான் நினைவுக்கு வரும். பல்கலைக்கழகம் புதிதாகக் கட்டிக்கொண்டிருந்த விலங்குச் சோதனைக்கூடத்தை எதிர்த்து வாராவாரம் மறியல் நடந்துவந்தது. 2004-லேயே உயர்நீதிமன்றம் வரைபடம் போட்டு, வாரத்தில் ஒரு நாள் சில மணி நேரம் மட்டும், குறித்த இடத்தில் நிற்கலாம் என்று தடையாணை கொடுத்திருந்தது. அன்று சோதனையை ஆதரித்து மாணவர்களும் விஞ்ஞானிகளும் ஊர்வலம் போனார்கள். நூறு வருஷத்துக்கு முன் சம்மட்டியோடு வந்த அதே தரப்பு, இப்போது அட்டையும் பேச்சாளர் பட்டியலுமாக. எதிர்ப்பாளர்களும் அதே நாளில் கூடினார்கள். நடுவில் போலீஸ் நின்றது. இரண்டு கூட்டமும் ஒன்றையொன்று பார்த்துக் கத்திவிட்டு வீடு போய்ச் சேர்ந்தன.

லாரி பிரச்சினை மட்டும் தீரவில்லை. கனடாவின் டொரண்டோவில் 2010 கடைசியில் அனிதா கிரைன்ட்ஸ் தொடங்கிய இயக்கம், பன்றிகளை ஏற்றிவரும் லாரிகள் வெட்டுக்கூட வாசலில் திரும்பும் இடத்தில் காத்திருந்து, தாகத்தில் மூச்சிரைக்கும் பன்றிகளுக்குத் தண்ணீர் கொடுப்பதை வழக்கமாக்கியது. 2015 ஜூனில் அப்படித் தண்ணீர் கொடுத்ததற்காக அவர் மேல் குற்ற வழக்கு பதிவானது. 2017 மே 4 அன்று நீதிபதி அவரை விடுவித்தார்.

இந்த இயக்கம் பல நாடுகளுக்குப் பரவியபோது கூடவே சில நடைமுறைகளும் பரவின. முடிந்த இடத்தில் முன்கூட்டியே வெட்டுக்கூடத்தோடும் போலீஸோடும் பேசி, லாரி இரண்டு நிமிடம் நிற்கும் என்று ஒப்பந்தம் செய்துகொள்வது. ஒளிரும் மேலாடை போட்ட ஒருவர் ஓட்டுநரின் பார்வையில் படும்படி தள்ளி நின்று கை காட்டுவது. லாரி முழுதாக நின்ற பிறகே மற்றவர்கள் பக்கவாட்டுக்குப் போவது. நேரம் முடிந்ததும் எல்லோரும் நடைபாதைக்குத் திரும்பிவிட்டார்களா என்று பார்த்துவிட்டுத்தான் போகச் சொல்வது. ஏதோ ரயில்வே கார்டின் வேலை மாதிரி இருக்கிறது. கொடி காட்டாமல் வண்டி நகரக் கூடாது.

ஒப்பந்தம் இல்லாத இடத்தில் இந்த ஏற்பாடு எவ்வளவு மெல்லியது என்பது ஒண்டாரியோவின் பர்லிங்டனில் தெரிந்தது. 2020 ஜூன் 18 அன்று, பண்ணை விலங்குகளை ஏற்றிய வண்டிகளை நிறுத்துவதையும் தடுப்பதையும் குற்றமாக்கும் சட்டம் மாகாணத்தில் ஒப்புதல் பெற்றது. மறுநாள் காலை அதை எதிர்த்துப் பன்றி வெட்டுக்கூட வாசலில் கூடியவர்களில் ரீகன் ரஸல் என்ற 65 வயதுப் பெண்ணும் இருந்தார். பல பத்தாண்டுகளாக இப்படி வாசல்களில் நின்று பழகியவர். உள்ளே திரும்பிய லாரி அவர் மேல் ஏறியது.

பிரிட்டனில், வெட்டுவதற்காகவோ கொழுக்க வைப்பதற்காகவோ கால்நடைகளை உயிரோடு ஏற்றுமதி செய்வதைத் தடை செய்யும் சட்டம் 2024 மே 20 அன்று ஒப்புதல் பெற்றது. பிரைட்லிங்சியில் பாட்டிமார்கள் தெருவில் உட்கார்ந்து இருபத்தொன்பது ஆண்டுகள் ஆகியிருந்தன. அதற்கு ஒரு வருஷம் முன்பு, 2023 மே மாதத்தில், அதே நாடாளுமன்றம் இன்னொரு சட்டத்தையும் நிறைவேற்றியிருந்தது. போராட்டத்தில் தன்னை ஒரு பொருளோடோ இன்னொருவரோடோ தரையோடோ பிணைத்துக்கொண்டு இடையூறு செய்வது அதன்படி தனிக் குற்றம்.